லூயிஜி பிஸ்டில்லி: கேள்வி பதில்

இத்தாலிய கௌபாய் படங்கள், கொலை மர்மப் படங்களில் வரும் குணச்சித்திர நடிகர்களைப் பற்றி வந்த கேள்விகளில் லூயிஜி பிஸ்டில்லியைப் பற்றியவைதான் அதிகம். அதனால் இந்த முறை முழுக்க அவருக்கே.

கேள்வி: பெயர் கேள்விப்பட்ட மாதிரி இருக்கிறது, முகம் பிடிபடவில்லை. இவரை எதில் பார்த்திருப்பேன் சார்?

பதில்: செர்ஜியோ லியோனியின் 'தி குட், தி பேட் அண்ட் தி அக்லி' (1966) பார்த்தவர் என்றால் கட்டாயம் பார்த்திருப்பீர்கள். அதில் எலை வாலக் நடித்த கொள்ளைக்காரன் டுகோவின் சகோதரரான பாதிரியார் இவர்தான். அம்மா எப்போதோ போய்விட்டாள், அப்பா சில நாள் முன்னால்தான் இறந்தார் என்று தம்பியிடம் சொல்கிறார். நம் ஊரில் பட்டினியில் சாகாமல் இருக்க வழி இரண்டுதான், ஒன்று பாதிரி, இல்லையென்றால் கொள்ளைக்காரன். நீ சுலபமானதைப் பிடித்துக்கொண்டாய் என்று டுகோ வெடிக்கிறான். அறை விழுகிறது, பதிலுக்குக் குத்து விழுகிறது. டுகோ போன பிறகுதான் அவர் மன்னிப்புக் கேட்கிறார். மூன்று மணி நேரப் படத்தில் சில நிமிடங்களே வருகிறார். ஆனால் டுகோவைக் கோமாளியாக மட்டும் பார்க்க முடியாமல் போவது அந்த நிமிடங்களால்தான். பேச்சை வைத்துப் பார்த்தால் அவர் அண்ணன். நிஜத்தில் எலை வாலக்கைவிட 14 வயது இளையவர்! திரையில் அது தோன்றவே தோன்றாது.

கேள்வி: நாடகத்திலிருந்து வந்தவர் என்கிறார்களே?

பதில்: ஆமாம். 1929இல் க்ரோஸெட்டோவில் பிறந்தார். மிலானில் ஜோர்ஜோ ஸ்ட்ரெலரும் பாவ்லோ கிராஸியும் 1947இல் தொடங்கிய பிக்கோலோ தியேட்டரில் நடிப்புப் படித்தார். ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்டின் நாடகங்களில் நல்ல பெயர் வாங்கினார். இதை வெறும் வாழ்க்கைக் குறிப்பாகக் கடந்துவிடாதீர்கள். திருடனுக்கும் வியாபாரிக்கும் பெரிய வித்தியாசம் இல்லை என்பதுதான் பிரெக்டின் 'மூன்று காசு நாடகம்' சொல்வது. பிஸ்டில்லி சினிமாவில் செய்த வேடங்களை வரிசையாகப் பாருங்கள், அதே ஆட்கள்தான் வருவார்கள்.

கேள்வி: ஆனால் கௌபாய் படங்களில் சாதாரண வில்லன்தானே அண்ணா?

பதில்: முதலில் அப்படித்தான். 'ஃபார் எ ஃப்யூ டாலர்ஸ் மோர்' (1965) படத்தில் இண்டியோ கும்பலில் க்ரோகி என்ற அடியாள். கடைசியில் தலைக்கு வைத்த பரிசுத் தொகைக்காகப் பிணங்களைக் கூட்டிக் கணக்குப் போடும் கதாநாயகன் ஈஸ்ட்வுட்டுக்குத் தொகை இடிக்கிறதே, அந்தக் குறை இவர்தான். பின்னால் வந்து நிற்பார்.

அப்புறம் கோட்டு சூட்டுக்கு மாறுகிறார். 'டெத் ரைட்ஸ் எ ஹார்ஸ்' (1967) படத்து வால்காட் முன்பு கொள்ளைக்காரன், இப்போது ஊர் மதிக்கும் வங்கி முதலாளி. செர்ஜியோ கோர்புச்சியின் 'தி கிரேட் சைலன்ஸ்' (1968) படத்தில் பாலிகட். வங்கியும் அவன் கையில், ஊர் நீதியும் அவன் கையில். அதில் க்ளவுஸ் கின்ஸ்கி செய்த கொலைகாரனைத்தான் எல்லோரும் பேசுவார்கள். எனக்கு பாலிகட்தான் அதிக பயம் தருகிறான். கின்ஸ்கி கூலிக்குச் சுடுகிறான், அந்தக் கூலிக்குச் சட்டப்படி வழி செய்து வைப்பவன் இவன்.

கேள்வி: ஜாலோ வகை மர்மப் படங்களில் எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: 1972இல் செர்ஜியோ மார்டினோ எடுத்த 'யுவர் வைஸ் இஸ் எ லாக்டு ரூம் அண்ட் ஒன்லி ஐ ஹேவ் தி கீ'. எட்கர் ஆலன் போவின் கறுப்புப் பூனை கதையைத் தழுவியது. எழுத்து நின்றுபோன எழுத்தாளர், சிதைந்துவரும் மாளிகை, தீராத குடி, மனைவியை எல்லோர் முன்னாலும் அவமானப்படுத்தும் குணம். வெறுக்கத்தான் வேண்டும். ஆனாலும் அந்த மனிதனுக்குள் ஒரு பயம் ஓடிக்கொண்டே இருப்பதை பிஸ்டில்லி மறைப்பதில்லை. நடிகை எட்விஜ் ஃபெனெக்குக்காகப் படத்தைப் பார்க்கத் தொடங்குபவர்கள்கூட முடியும்போது இவரைப் பற்றித்தான் பேசுவார்கள்.

முந்தைய வருடமே மரியோ பாவாவின் 'எ பே ஆஃப் பிளட்', மார்டினோவின் 'தி கேஸ் ஆஃப் தி ஸ்கார்பியன்ஸ் டெயில்', டப்ளினில் நடக்கும் ரிக்கார்டோ ஃப்ரேடா படம் ஒன்று என்று அடுத்தடுத்து வந்தன. ஃப்ரேடா படத்தில் இவரே கதாநாயகன், ஆனால் படம் சுமார்தான்.

கேள்வி: ஆங்கிலப் பதிப்பில் கேட்பது அவர் குரலா?

பதில்: அதை நம்பி மதிப்பிடாதீர்கள். அந்தக் காலத்து இத்தாலியப் படங்களுக்குப் பெரும்பாலும் பின்னால்தான் வசனம் சேர்ப்பார்கள். இத்தாலிய நடிகருக்கே வேறொருவர் குரல் கொடுப்பதும் சகஜம். கண்ணையும் தோளையும் கவனியுங்கள்.

கேள்வி: கடைசிவரை இந்த மாதிரி படங்கள்தானா? நல்ல இயக்குநர்கள் கூப்பிடவே இல்லையா?

பதில்: பாவாவும் கோர்புச்சியும் நல்ல இயக்குநர்கள்தான்! நீங்கள் கேட்பது புரிகிறது. எலியோ பெட்ரியின் 1967 படமொன்றில் மொட்டைக் கடிதம் வந்து, வேட்டைக்குப் போன இடத்தில் கொல்லப்படும் மருந்துக்கடைக்காரர் இவர். அந்தக் கொலையைத் துருவுபவர் ஜான் மரியா வொலோன்தே, அதாவது க்ரோகியின் பழைய தலைவன் இண்டியோவாக நடித்தவர். ஃபெர்னாண்டோ டி லியோவின் 'மிலானோ கலிப்ரோ 9' (1972) படத்தில் இடதுசாரிச் சாய்வுள்ள போலீஸ் அதிகாரி. குற்றத்துக்கு வேர் எங்கே என்று மேலதிகாரியோடு மல்லுக்கட்டும் காட்சிகள் கதையை நிறுத்துகின்றன என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அவை வேண்டும். மற்றவர்கள் துப்பாக்கியால் செய்வதை இவர் வாதத்தால் செய்கிறார். ஃப்ரான்செஸ்கோ ரோஸியும் 1976இல் நடிகர் லீனோ வெஞ்சுராவின் பாத்திரத்துக்குப் பத்திரிகையாளர் நண்பனாக இவரைப் போட்டார்.

கேள்வி: இப்போது இருக்கிறாரா?

பதில்: இல்லை. 1996 ஏப்ரலில் மிலானில் தன் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 66. காரணம் இது அது என்று இணையத்தில் ஓடும் கதைகளை நான் இங்கே சொல்லப்போவதில்லை.

கேள்வி: நீங்கள் சொன்ன பட்டியலில் ஒன்பதாவது படிக்கும் பையனோடு எதைப் பார்க்கலாம்?

பதில்: லியோனியின் இரண்டும் சரி, கொஞ்சம் அடிதடி உண்டு. 'டெத் ரைட்ஸ் எ ஹார்ஸ்' ஆரம்பக் கொலைக் காட்சி கடுமையானது, நீங்கள் முதலில் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள். பாவா, மார்டினோ படங்கள் இப்போதைக்கு வேண்டாம்.