நடுவாந்தர நீளத்தின் கதி – கடிதம், பதில்

அன்புள்ள ஆசிரியருக்கு,

திருச்சியில் மாதம் ஒருமுறை கூடும் சின்ன வாசிப்பு வட்டம் எங்களுடையது. பெரும்பாலும் வேலைக்குப் போகிறவர்கள். தடித்தடியான ஃபேன்டஸி நாவல்களை எடுத்துப் பாதியில் நின்றுபோனதால், இந்த முறை பெண்கள் எழுதிய சிறிய ஃபேன்டஸி குறுநாவல்களையும், 'மறக்கப்பட்டு மீண்டும் கண்டெடுக்கப்பட்டவை' என்று இப்போது மறுபதிப்பாகும் பழைய அறிவியல் புனைகதைகளையும் படிக்கலாம் என்றிருக்கிறோம். மூன்று சந்தேகங்கள். ஆண்பெயரில் ஒளிந்து எழுதியதால்தான் இந்தப் பெண்கள் மறக்கப்பட்டார்களா? எதிலிருந்து தொடங்கலாம்? எங்களில் ஒருவர் ஏதாவது ஒன்றைத் தமிழில் மொழிபெயர்க்க ஆசைப்படுகிறார். எதை எடுக்கலாம், உரிமைச் சிக்கல் வருமா?

– ஒரு வாசகி, திருச்சி

அன்புள்ள வாசகிக்கு,

ஆண்பெயர் விஷயத்தை முதலில் முடித்துவிடுகிறேன். கேட்க நன்றாக இருக்கும் விளக்கம் அது, கால்வாசிதான் சரி. ஜேம்ஸ் டிப்ட்ரீ ஜூனியர் என்ற பெயரில் எழுதிய ஆலிஸ் ஷெல்டனை எடுத்துக்கொள்ளுங்கள். 1975இல் வந்த அவர் தொகுப்புக்கு முன்னுரை எழுதிய ராபர்ட் சில்வர்பர்க், இதை ஒரு பெண் எழுதியிருக்க வாய்ப்பே இல்லை என்ற தொனியில் அடித்துப் பேசினார். அடுத்த ஆண்டு ஷெல்டனின் தாயார் காலமானபோது வந்த இரங்கல் குறிப்பைப் பிடித்துக்கொண்டு வாசகர்கள் ஆளைக் கண்டுபிடித்துவிட்டார்கள். இத்தனை களேபரத்திலும் டிப்ட்ரீ மறக்கப்படவில்லை. விருதுகள் வந்துகொண்டேதான் இருந்தன. சி. எல். மூர் என்ற எழுத்தாளர் முதலெழுத்துகளோடு நிறுத்திக்கொண்டதோ, வங்கியில் வேலை பார்த்துக்கொண்டே பத்திரிகைக்கும் எழுதுவது மேலிடத்துக்குத் தெரியக் கூடாது என்பதற்காக.

சார்லட் பெர்கின்ஸ் கில்மன் சொந்தப் பெயரில் எழுதியவர். பெண்கள் மட்டுமே வாழும் நாட்டைப் பற்றிய அவருடைய 'ஹெர்லேண்ட்' 1915இல் தொடராக வந்தது. புத்தகமானது 1979இல். 64 ஆண்டுகள்! 'ஃபோர்ரன்னர்' என்ற அந்த மாத இதழை எழுதியது, தொகுத்தது, வெளியிட்டது எல்லாமே கில்மன் ஒருவர்தான். 1916இல் இதழ் நின்றது. பழைய இதழ்களைக் கிளறிப் புத்தகம் போட்டுக் காசு பார்க்க ஒரு பதிப்பாளர் வேண்டுமே, அப்படி ஒருவர் அங்கே இல்லை. பெயராலேயே தொலைந்தவர் வேண்டுமென்றால் கேத்தரின் பர்டெகினைச் சொல்லலாம். நாஜிகள் வென்று 700 ஆண்டுகள் ஆன உலகத்தைக் காட்டும் 'ஸ்வஸ்திகா நைட்' 1937இல் மர்ரே கான்ஸ்டன்டைன் என்ற பெயரில் வந்தது. பர்டெகின் இறந்தது 1963இல். கான்ஸ்டன்டைன்தான் பர்டெகின் என்பதை டாஃப்னே பட்டாய் என்ற ஆய்வாளர் உறுதிசெய்து, 1985இல் ஃபெமினிஸ்ட் பிரஸ் மறுபதிப்புப் போடும்வரை அந்தப் புத்தகத்துக்குப் பாதுகாவலர் என்று யாரும் இல்லை.

பெயரைவிடப் பெரிய காரணம் நீளம். உங்கள் வட்டம் விரும்புகிற அதே நீளம்தான் இந்தக் கதைகளுக்கு வினையாக இருந்தது. அறிவியல் புனைகதைக்கும் ஃபேன்டஸிக்கும் தரப்படும் நெபுலா விருதின் விதிப்படி 7,500 சொற்களுக்குக் கீழே இருந்தால் சிறுகதை; 17,500 முதல் 40,000க்குள் இருந்தால் குறுநாவல்; அதற்கு மேல் நாவல். பத்திரிகைகளுக்கு இந்த நடுவாந்தர நீளம் பிடிக்கும், ஓர் இதழின் முதுகெலும்பாக நிற்கும். இதழ் கடையைவிட்டுப் போனதும் பிரச்சினை தொடங்கும். தொகைநூல் போடுகிறவருக்கு 30,000 சொல் கதை ஒன்றைச் சேர்த்தால் ஐந்து சிறுகதைகளுக்கான இடம் போய்விடும். தனிப்புத்தகமாகப் போட்டால் ஒல்லியாக இருக்கிறது என்று கடைக்காரர் முகம் சுளிப்பார். அந்தக் காலத்தில் இதற்கு இரண்டே வழிகள். ஒன்று, பல குறுநாவல்களைத் தைத்து நாவலாக்குவது. ஆன் மெக்காஃப்ரியின் 'வெயர் சர்ச்' 1968இல், இதே துறையின் இன்னொரு பெரிய விருதான ஹ்யூகோவை வாங்கியது. புனைகதைக்காக ஹ்யூகோ பெற்ற முதல் பெண் அவர். அதையும் 'டிராகன்ரைடர்' என்ற இன்னொரு குறுநாவலையும் சேர்த்ததுதான் 'டிராகன்ஃப்ளைட்'. ஆகவே நாவலை வைத்திருப்பவர் குறுநாவலைத் தேடி அலைய வேண்டாம். மற்றொன்று, இரண்டு குறுநாவல்களை ஒரே அட்டைக்குள் கட்டுவது. டோர் பதிப்பகத்தின் 'டபுள்' வரிசையில் டிப்ட்ரீயின் 'ஹூஸ்டன், ஹூஸ்டன், டூ யூ ரீட்?', ஜோவன்னா ரஸ்ஸின் 'சோல்ஸ்' இரண்டும் ஒரே புத்தகமாக வந்தன. பழைய புத்தகக் கடையில் கண்ணில் பட்டால் விட்டுவிடாதீர்கள்.

தைக்கவும் கட்டவும் ஆள் இல்லாதவை எப்படிக் கரையேறின என்பதற்கு ஒரு கணக்கு இருக்கிறது. அமெரிக்க அறிவியல் புனைகதை எழுத்தாளர் சங்கம் தன் உறுப்பினர்களின் வாக்கை வைத்து நீண்ட கதைகளின் 'ஹால் ஆஃப் ஃபேம்' தொகையை 1973இல் இரண்டு புத்தகமாகக் கொண்டுவந்தது. மொத்தம் 22 படைப்புகள். பெண்கள் இருவர்: வில்மர் ஷிராஸ், சி. எல். மூர். மூருக்கும் முழு இடம் இல்லை. 'வின்டேஜ் சீசன்' என்ற அந்தக் கதை 1946இல் 'அஸ்டவுண்டிங்' இதழில் லாரன்ஸ் ஓ'டானல் என்ற பெயரில் வந்தது. அது மூரும் கணவர் ஹென்றி குட்னரும் பகிர்ந்துகொண்ட புனைபெயர்களில் ஒன்று. அதனால் பல தொகைகளில் இருவர் பெயரும், சிலவற்றில் மூர் பெயர் மட்டும் இருக்கும். கதை மூருடையது என்பதே இன்று பெரும்பாலோர் கருத்து. தேடும்போது மூன்று பெயர்களையும் போட்டுத் தேடுங்கள்.

தேட நல்ல இடம் ஐஎஸ்எஃப்டிபி என்ற இலவச இணையத் தரவுத்தளம். கதையின் பெயரைக் கொடுத்தால் அது குறுநாவலா சிறுகதையா, எந்த ஆண்டு எந்த இதழில் வந்தது, பிறகு எந்தெந்தத் தொகுப்புகளில் சேர்ந்தது என்று வரிசையாகக் காட்டும். 'மீண்டும் கண்டெடுக்கப்பட்டது' என்ற அட்டை வாசகத்தை அங்கே சரிபார்த்துவிடலாம். பத்தாண்டுக்கு ஒருமுறை மறுபதிப்பாகி வந்திருந்தால் அது தொலையவே இல்லை, விளம்பரம் மட்டும் புதிது. நேயமி மிட்சிசனின் 'டிராவல் லைட்' 1952இல் வந்தது, 1985இல் விராகோ பதிப்பகம் வெளியிட்டது, 2005இல் ஸ்மால் பீர் பிரஸ். ஒவ்வொரு முறையும் கண்டெடுப்புத்தான். ஹோப் மிர்லீஸின் 1926ஆம் ஆண்டு ஃபேன்டஸி நாவல் 'லட்-இன்-த-மிஸ்ட்' கதை இன்னும் வேடிக்கை. 1970இல் அமெரிக்காவில் பேப்பர்பேக்காகப் போட்டவர்கள் ஆசிரியரிடம் அனுமதி வாங்கவில்லை. ஆள் எங்கே என்றே தெரியவில்லையாம். அம்மையார் இங்கிலாந்தில் 1978வரை நன்றாகவே உயிரோடு இருந்தார்.

இனி உங்கள் பட்டியல். முதல் கூட்டத்துக்கு இரண்டைச் சேர்த்துப் படியுங்கள்: வங்காள எழுத்தாளர் ரொக்கையாவின் 'சுல்தானாஸ் டிரீம்', டிப்ட்ரீயின் 'ஹூஸ்டன்'. முன்னது குறுநாவல்கூட இல்லை, ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடும். 1905இல் சென்னையிலிருந்து கமலா சத்தியநாதன் நடத்திய 'இண்டியன் லேடீஸ் மேகஸின்' இதழில் வந்தது. ரொக்கையா அதை ஆங்கிலத்திலேயே எழுதினார். ஆண்கள் வீட்டுக்குள், பெண்கள் வெளியே; சூரிய வெப்பத்தைச் சேமிக்கிறார்கள், மேகத்திலிருந்து குழாய் வைத்துத் தண்ணீர் எடுக்கிறார்கள். அலுவலக வேலையை இரண்டே மணி நேரத்தில் எப்படி முடிக்கிறீர்கள் என்று கேட்டால், ஆண்கள் ஒரு நாளைக்குப் பன்னிரண்டு சுருட்டு, ஒன்றுக்கு அரை மணி, ஆக ஆறு மணி நேரம் புகைத்தே தீர்க்கிறார்கள் என்று கணக்குச் சொல்கிறாள் அந்த நாட்டைச் சுற்றிக்காட்டும் சாரா. திருச்சிக்காரர்களுக்குச் சுருட்டுக் கணக்கை நான் விளக்க வேண்டியதில்லை. பென்சில்வேனியா பல்கலைக்கழக மின்னூலகத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. படங்களோடு வேண்டுமென்றால் சென்னை தாரா புக்ஸ் கோண்டு ஓவியர் துர்கா பாயின் ஓவியங்களோடு போட்ட பதிப்பு உண்டு.

'ஹூஸ்டன்' 1976இல் வந்தது, ஹ்யூகோ, நெபுலா இரண்டும் பெற்றது. சூரியனைச் சுற்றப்போன மூன்று அமெரிக்க விண்வெளி வீரர்கள் காலம் தவறி, ஆண்களே இல்லாத எதிர்காலத்தில் மாட்டிக்கொள்கிறார்கள். முதல் சில பக்கங்களில் பலர் தடுக்கி விழுவார்கள். கதை லாரிமர் என்பவனின் மனவோட்டமாக வருகிறது. அவனுக்கு மருந்து கொடுத்திருக்கிறார்கள், மனத்தில் இருப்பதெல்லாம் வாயில் வந்துவிடும் மருந்து. அதனால் பள்ளிக்கூட நினைவும் கப்பலில் நடப்பதும் ஒன்றோடொன்று குழம்பும். இதை முன்பே சொல்லிவிட்டால் யாரும் புத்தகத்தை மூட மாட்டார்கள். 'ஆண் இல்லாத உலகம் நல்லதா' என்று பேச்சைத் தொடங்கினால் அது பட்டிமன்றமாகிவிடும். லாரிமர் எந்த இடத்தில் தன்னையே ஏமாற்றிக்கொள்கிறான் என்று கேட்டுத் தொடங்குங்கள்.

இரண்டாம் மாதம் 'வின்டேஜ் சீசன்' மட்டும். வேறெதையும் சேர்க்க வேண்டாம். அழகான மே மாதம், ஒரு வீடு, அதை வாடகைக்கு எடுத்திருக்கும் விசித்திர விருந்தாளிகள். தொகுப்பாசிரியர் குறிப்பைக் கதைக்கு முன்னால் படிக்கக் கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிடுங்கள். பெரும்பாலான குறிப்புகள் அவர்கள் யார் என்பதை முதல் வரியிலேயே போட்டு உடைத்துவிடும். குறுநாவல் என்றால் என்ன என்பதற்கு இதைவிட நல்ல பாடம் இல்லை: ஒரே பார்வை, ஒரே இடம், கொஞ்ச நாள், ஒரு ரகசியம். சிறுகதையாக இருந்தால் ரகசியம் மட்டும் மிஞ்சும். நாவலாக நீட்டினால் வாசகர் பாதியிலேயே கண்டுபிடித்துவிடுவார்.

அதற்கு நேர்மாறு 'டிராவல் லைட்'. கரடிகளும் டிராகன்களும் வளர்த்த ஹல்லா, நார்ஸ் தேவதைக் கதையில் தொடங்கி கான்ஸ்டான்டிநோபிளின் லஞ்ச லாவண்யத்துக்குள் போய் நிற்கிறாள். குழந்தைக் கதை என்று எடுத்தவர்கள் நடுவில் ஏமாந்துபோவார்கள். எனக்கு அந்த ஏமாற்றம்தான் புத்தகமே. 'சோல்ஸ்' கதையில் மடத்தின் தலைவி வைக்கிங் கொள்ளையரைப் பேச்சாலேயே எதிர்கொள்கிறாள்; பாதிவரை வரலாற்றுக் கதை போலத்தான் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

இன்றைய குறுநாவல்கள் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 2015இல் டோர்.காம் குறுநாவல்களுக்கென்றே ஒரு வரிசை தொடங்கியது. மின்னூலில் ஒல்லிப் புத்தகம் என்ற பேச்சே இல்லை. நெடி ஒகோராஃபரின் 'பின்டி' அந்த ஆண்டே வந்து அடுத்த ஆண்டு ஹ்யூகோ வாங்கியது. ஒரு எச்சரிக்கை: இவற்றில் பல, தொடரின் முதல் பாகம். 'பின்டி' மூன்று பாகம். முதலாவது தனியாக நிற்கும், மற்ற இரண்டும் நிற்காது. தனித்து முடிகிற ஃபேன்டஸி வேண்டுமென்றால் டி. கிங்ஃபிஷரின் 'தார்ன்ஹெட்ஜ்' எடுங்கள். உறங்கும் அழகி கதையில் முள்வேலிக்கு வெளியே காவல் இருப்பவளின் கதை, 2024 ஹ்யூகோ. கிங்ஃபிஷர் என்பது அர்சுலா வெர்னான், குழந்தை நூல்களிலிருந்து பிரித்துக் காட்ட வைத்துக்கொண்ட பெயர்.

நேரக் கணக்கு: ஆங்கிலத்தை நிமிடத்துக்கு 150 சொல் வேகத்தில் படிப்பவருக்கு 17,500 சொல் இரண்டு மணி நேரம், 40,000 என்றால் நாலரை. இரண்டு வார இறுதிகளுக்குள் அடங்கும்.

இலவச மின்னூல்களிலும் பெயர் தெரியாத மலிவுப் பதிப்புகளிலும் கவனம். பழைய இதழை ஸ்கேன் செய்து திருத்தாமல் அச்சிட்டிருப்பார்கள். உரையாடல் மேற்கோள்குறிகள் காணாமல்போகும், ஒரு பத்தி இரண்டு முறை வரும். 'ஹெர்லேண்ட்' 12 அத்தியாயம், மாதத்துக்கு ஒன்று; வாங்கும் முன் பொருளடக்கத்தை எண்ணிப்பாருங்கள். அதில் இனமேட்டிமைப் பேச்சும் நிறையவே இருக்கிறது, வட்டத்தில் முன்கூட்டியே சொல்லிவிடுவது நல்லது. ஜாக்லின் ஹார்ப்மன் எழுதிய பிரெஞ்சு நாவலின் ஆங்கில மொழிபெயர்ப்பு முன்பு 'த மிஸ்ட்ரஸ் ஆஃப் சைலன்ஸ்' என்று வந்தது. இப்போது பரபரப்பாக விற்கும் 'ஐ ஹூ ஹாவ் நெவர் நோன் மென்' அதேதான். இரண்டையும் வாங்கிவிடாதீர்கள்.

மொழிபெயர்ப்புக்கு வருகிறேன். இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் உரிமை இருக்கும். ரொக்கையா 1932இலும் கில்மன் 1935இலும் இறந்தவர்கள், சிக்கல் இல்லை. மூர், டிப்ட்ரீ இருவரும் 1987, மிட்சிசன் 1999. இவற்றுக்கு உரிமையாளரிடம் எழுதிக் கேட்காமல் ஒரு பக்கம்கூட வெளியிட வேண்டாம். இலவச மின்னூல்கள் தரும் குடன்பர்க் தளத்தில் இருக்கிறதே என்பார்கள். 1964க்கு முன் அமெரிக்காவில் வெளியானவற்றுக்கு 28ஆம் ஆண்டில் உரிமையைப் புதுப்பிக்க வேண்டியிருந்தது, புதுப்பிக்காதவை அங்கே பொதுவுடைமையாகிவிட்டன. அதை மட்டும் நம்பி இங்கே அச்சுக்குக் கொடுக்கக் கூடாது. உரிமை முடிந்த கதையாக இருந்தாலும் புதிய பதிப்பின் முன்னுரையும் அடிக்குறிப்பும் அவரவர் சொத்து.

நான் பரிந்துரைப்பது பிரான்சிஸ் ஸ்டீவன்ஸ் என்ற பெயரில் எழுதிய கெர்ட்ரூட் பாரோஸ் பென்னட். 1948இல் இறந்தார். அவருடைய 'ஃப்ரெண்ட் ஐலண்ட்' 1918இல் வந்த சிறுகதை: பெண்கள் கோலோச்சும் உலகத்தில், வயதான மாலுமிப் பெண் ஒருத்தி, கோபமும் பாசமும் உள்ள தீவு ஒன்றில் தான் கரையொதுங்கிய கதையைத் துறைமுகத் தேநீர்க்கடையில் ஓர் ஆணிடம் சொல்கிறாள். தமிழில் இது ஆங்கிலத்தின் முக்கால் பங்கு சொற்களுக்குள் அடங்கிவிடும், முதல் முயற்சிக்குச் சரியான அளவு. கஷ்டமெல்லாம் கிழவியின் பேச்சில்தான். எழுத்துத் தமிழில் போட்டால் கதை அங்கேயே செத்துவிடும். கடற்கரைப் பேச்சு வழக்கு கைவசம் உள்ளவர் வட்டத்தில் இருந்தால் அவரை உட்காரவைத்துச் சத்தமாகப் படித்துக் காட்டித் திருத்துங்கள். இல்லையென்றால் ஊர் அடையாளம் இல்லாத சாதாரணப் பேச்சுத் தமிழே போதும், பாதி தெரிந்த வழக்கைக் கலக்க வேண்டாம். கதையைக் கேட்டுக்கொண்டிருக்கும் ஆண் மட்டும் எழுத்துத் தமிழில் பேசலாம். மூலத்திலும் அவன் கொஞ்சம் மேடைப்பேச்சுக்காரன்தான்.

அன்புடன்.