தனுஷ்கோடிக் காற்றில் விமான மாடலைச் சோதிக்கலாமா?

கேள்வி: மண்டபம் பக்கம் ஒரு பள்ளியில் அறிவியல் ஆசிரியையாக இருக்கிறேன். எங்கள் பிள்ளைகள் செஸ்னா 172 விமானத்தைத் தெர்மோகோலில் 25-ல் ஒரு பங்கு அளவுக்குச் செய்திருக்கிறார்கள். இறக்கை முனைக்கு முனை 44 செ.மீ. அதை 60 செ.மீ. சதுரப் பிளைவுட் பெட்டிக்குள் வைத்து, பெடஸ்டல் ஃபேனால் காற்று விட்டோம். தராசில் எண் நிற்கவே மாட்டேன் என்கிறது. கச்சான் காற்று வீசும் நாளில் தனுஷ்கோடிக்கே கொண்டுபோய்ச் சோதிக்கலாமா? வருகிற எண்கள் நிஜ விமானத்துக்குப் பொருந்துமா?

பதில்: தனுஷ்கோடி வேண்டாம், டீச்சர். அங்கே காற்றுக்குப் பஞ்சமில்லைதான். ஆனால் உங்களுக்கு வேண்டியது பலமான காற்று அல்ல, சீரான காற்று. இறக்கையைத் தூக்கும் விசை, காற்றின் வேகத்தின் இருமடியாகக் கூடும். மணிக்கு 20 கி.மீ. வீசும் கச்சான் ஒரு நொடி 24-க்கு ஏறினால், விசை 44 சதவீதம் ஏறிவிடும். இறக்கையைச் சாய்த்ததால் எண் மாறியதா, காற்று மாறியதாலா என்று பிள்ளைகள் எப்படிப் பிரிப்பார்கள்?

உங்கள் ஃபேனிலும் இதே கோளாறுதான். ஃபேனின் இறக்கைகள் காற்றை முறுக்கித் தள்ளுகின்றன. அதனால் காற்றைத் தள்ளாதீர்கள், இழுங்கள். கல்யாண மண்டபச் சமையல்கட்டில் இருக்குமே, அந்த மாதிரிப் பெரிய எக்ஸாஸ்ட் ஃபேனைப் பெட்டியின் பின்வாயில் மாட்டி, காற்றை வெளியே இழுக்க விடுங்கள். மாடல் ஃபேனிலிருந்து நன்றாகத் தள்ளி, முன்பக்கமாக இருக்கட்டும். முன்வாயில் காற்றை நேராக்கும் கட்டம் வேண்டும். பலரும் ஸ்ட்ராவால் செய்யச் சொல்வார்கள். இந்த அளவுப் பெட்டிக்குப் பத்தாயிரம் துண்டு பிடிக்கும். அட்டைப்பெட்டிகளை 20 செ.மீ. அகலப் பட்டைகளாக வெட்டி, ஒன்றுக்குள் ஒன்று செருகி 3 செ.மீ. கட்டங்களாக்கினால் போதும். அதற்கு முன்னால் ஒரு கொசுவலையை இழுத்துக் கட்டுங்கள்.

தராசு பெட்டிக்கு வெளியே, அடியில் இருக்க வேண்டும். மாடலைத் தலைகீழாக ஒரு கம்பியில் பொருத்தி, துளையின் விளிம்பில் படாமல் கம்பியைக் கீழே இறக்குங்கள். தூக்குவிசை இப்போது தராசை அழுத்தும். வினாடிக்கு 5 மீட்டர் காற்றில் அது 20 கிராம் அளவில்தான் இருக்கும். ஒரு கிராம் காட்டும் சமையலறைத் தராசே போதும், ஆனால் பக்கத்தில் யாரும் நடமாடக் கூடாது. 1901-ல் ரைட் சகோதரர்கள் ஆறடி நீளப் பெட்டியில் இறக்கை வடிவங்களைச் சோதித்தபோது, அளவெடுப்பவர் ஒவ்வொரு முறையும் அதே இடத்தில்தான் நின்றார். அறையில் பெரிய பொருள் எதையும் நகர்த்தவும் விடவில்லை.

சரி, இரண்டாவது கேள்வி. அந்த எண்கள் நிஜ விமானத்துக்கு அப்படியே பொருந்தாது. காற்றின் அடர்த்தி, வேகம், இறக்கையின் அகலம் மூன்றையும் பெருக்கி, காற்றின் பிசுப்பால் வகுத்தால் கிடைப்பது ரெனால்ட்ஸ் எண். மாடலுக்கும் விமானத்துக்கும் இது ஒத்திருந்தால்தான் காற்று இரண்டிலும் ஒரே மாதிரிப் பாயும். மணிக்கு 200 கி.மீ. பறக்கும் நிஜ விமானத்துக்கு அது ஏறக்குறைய 52 லட்சம். 6 செ.மீ. அகல இறக்கை கொண்ட உங்கள் மாடலுக்கு 19 ஆயிரம்கூட வராது. வேகத்தைக் கூட்டிச் சமன் செய்யலாம் என்றால் மணிக்கு 5,000 கி.மீ. வேண்டும், அது ஒலியைப் போல நான்கு மடங்கு, அங்கே காற்றின் குணமே வேறு. இதற்காகத்தான் அமெரிக்காவின் லாங்லி ஆய்வகத்தில் 1920-களிலேயே காற்றை 20 வளிமண்டல அழுத்தத்துக்கு அடைத்துச் சோதிக்கும் விண்ட் டனலை (காற்றுச் சுரங்கத்தை) இயக்கினார்கள். காற்று அடர்ந்தால் சின்ன மாடலிலும் அந்த எண் உயரும்.

பள்ளியில் அது முடியாது. ஆனால் ஒப்பிட முடியும், அதில் நிறைய இருக்கிறது. இறக்கையின் மேற்பரப்பில் 2 செ.மீ. தையல் நூல்களை வரிசையாக, முன் நுனியில் மட்டும் டேப் வைத்து ஒட்டுங்கள். இறக்கையின் சாய்வுக் கோணத்தை இரண்டிரண்டு டிகிரியாகக் கூட்டுங்கள். முதலில் நூல்கள் சீவிய முடி போலப் படிந்து கிடக்கும். அப்புறம் பின்விளிம்பில் ஒன்று நடுங்கத் தொடங்கும். இன்னும் இரண்டு டிகிரி கூட்டினால் அதே நூல் எழுந்து திரும்பி, காற்று வரும் திசையையே பார்க்கும். காற்று இறக்கையை விட்டுப் பிரிந்துவிட்டது. அந்த இடத்தைப் பிள்ளைகள் தங்கள் கண்ணால் பார்க்க வேண்டும் என்பதே என் ஆசை.

அடுத்து, உங்கள் ஊரில் எந்த வலைக்காரரிடமும் கிடைக்கும் தங்கூசி நரம்பில், அதாவது மீன்பிடி நைலான் இழையில், ஒரு துண்டு வாங்குங்கள். இறக்கையின் முன்விளிம்புக்கு ஒரு செ.மீ. பின்னால் நெடுக ஒட்டி, மறுபடி சோதியுங்கள். சின்ன மாடல்களில் காற்று சீக்கிரமே பிரிந்துவிடும்; இந்த மெல்லிய தடை காற்றைக் கொஞ்சம் கலைத்துவிட்டால், பல சமயம் அது இன்னும் சற்று தூரம் ஒட்டிப் போகும். அரை மி.மீ. தடிமனில் ஒன்றும் மாறாவிட்டால் ஒரு மி.மீ. பாருங்கள். நரம்பு இல்லாமல் எந்தக் கோணத்தில் நூல் திரும்பியது, நரம்போடு எந்தக் கோணத்தில் என்று இரண்டையும் அறிக்கையில் எழுதச் சொல்லுங்கள்.

ஒன்று மட்டும். ரிமோட் பொருத்திப் பறக்கவிட வேண்டும் என்று பிள்ளைகள் கேட்டால், உச்சிப்புளியில் கடற்படையின் பருந்து விமானதளம் இருக்கிறது. அனுமதி கேட்காமல் எதையும் மேலே அனுப்பாதீர்கள்.