ஆடித் திருவிழா மைக் செட் மேல் புகார் கொடுத்தால் மத விரோதமா?

இல்லை. திறந்தவெளியில் ராத்திரி 10 முதல் காலை 6 வரை ஒலிபெருக்கி கூடாது என்பது 2000-ஆம் ஆண்டு விதி, அதில் அம்மன் கோயில், சர்ச், பள்ளிவாசல் என்று பிரிவே கிடையாது. நம்ம மாதவரம் நெடுஞ்சாலைப் பக்கம் கே.கே.ஆர். மெஜஸ்டிக் காலனிக்காரர்கள் ஒரு கிறிஸ்தவ சபையின் சத்தத்தை எதிர்த்துப் போன வழக்கில், அடுத்தவர் நிம்மதியைக் கெடுத்துக் கும்பிடும்படி எந்த மதமும் சொல்லவில்லை என்று உச்ச நீதிமன்றமே அதே வருடம் சொல்லிவிட்டது.

தண்டையார்பேட்டைச் சந்துகளில் பெரும்பாலும் சிக்கல் பக்தி இல்லை, கம்பத்தில் கட்டிய குழாய் உங்கள் ஜன்னலைப் பார்த்து நிற்பதுதான். கூழ் வாங்கப் போகும்போது மைக் செட்காரரிடமே திருப்பிக் கட்டச் சொல்லிப் பாருங்கள், பாதி பேர் செய்துவிடுவார்கள்.

ஒன்று, வருடத்துக்கு 15 நாள் வரை விழாக்களுக்கு நள்ளிரவு 12 மணிவரை அரசு அனுமதிக்கலாம். அந்த நாளா என்று போலீஸ் ஸ்டேஷனில் கேட்டுவிட்டுப் புகார் எழுதுங்கள்.