வரைபலகை முன் கழியும் ஆண்டுகள் வீணா?

கேள்வி: என் மகள் லண்டனில் உள்ளரங்க வடிவமைப்பில் பட்டம் பெற்று, ஒரு தொலைக்காட்சித் தொடரின் கலைப் பிரிவில் உதவியாளராக ஓராண்டாக வேலை செய்கிறாள். அளவெடுப்பது, நகலெடுப்பது, கோப்புகளை அடுக்குவது ஆகியவையே அவளுடைய பணிகள். இதை விட்டுவிட்டு, குறும்படங்களுக்கு நேரடியாகப் புரொடக்‌ஷன் டிசைனர் ஆகிவிடலாமா என்று கேட்கிறாள். தொலைக்காட்சியிலேயே இருந்தால் சினிமா கிடைக்காது என்று தோழிகளும் சொல்கிறார்களாம். என்ன செய்யலாம்?

பதில்: வேலையை இப்போது விட வேண்டாம். ஆனால், அதே பணிகளோடு இன்னும் மூன்று ஆண்டுகள் அங்கேயே இருக்கவும் வேண்டாம்.

முதலில் ஒரு பெயர்க் குழப்பத்தைத் தீர்த்துக்கொள்வோம். தமிழ்த் திரையுலகில் கலை இயக்குநர் என்றால் அரங்க அமைப்பின் முழுப் பொறுப்பாளர் என்றே பெரும்பாலும் பொருள். பிரிட்டனில் அந்தப் பொறுப்பு புரொடக்‌ஷன் டிசைனருடையது. அங்கே ஆர்ட் டைரக்டர் என்பவர் அவருக்கு அடுத்த நிலையில் இருந்து, அவர் எண்ணியதை வரைபடமாகவும் செலவுக் கணக்காகவும் பட்டறைக்கான வேலையாகவும் மாற்றுபவர். அவருக்குக் கீழே உதவி ஆர்ட் டைரக்டர்களும், அரங்கின் வரைபடங்களை வரையும் டிராஃப்ட்ஸ்மேன்களும் ஜூனியர் டிராஃப்ட்ஸ்மேன்களும் இருக்கிறார்கள். உங்கள் மகள் நிற்பது அதற்கும் கீழே உள்ள படியில்.

இந்தப் படிகளில் ஏறி உச்சிக்குச் சென்றவர்களுள் ஹாரி பாட்டர் படங்களை வடிவமைத்த ஸ்டூவர்ட் கிரெய்க் முக்கியமானவர். 1942இல் நார்விச்சில் பிறந்து, லண்டன் ராயல் கலைக் கல்லூரியில் படித்து, 2025 செப்டம்பரில் மறைந்த அவர், 1967இல் வெளியான ‘கேசினோ ராயல்’ படத்தின் கலைப் பிரிவில் இளநிலை உதவியாளராகத் தொடங்கினார். முழுப் பொறுப்பேற்ற முதல் படங்களான ‘சாட்டர்ன் 3’, ‘தி எலிஃபண்ட் மேன்’ ஆகியவை வெளிவந்தது 1980இல். இடையில் கழிந்த சுமார் 13 ஆண்டுகளைத் தாமதம் என்று சொல்பவர்கள், அதன் பிறகு நடந்ததையும் பார்க்க வேண்டும்: ‘தி எலிஃபண்ட் மேன்’ படத்துக்கு பிரிட்டனின் பாஃப்டா திரை விருது, 1982இல் வெளிவந்த ‘காந்தி’ படத்துக்கு, பாப் லெயிங், மைக்கேல் செய்ர்ட்டன் ஆகியோருடன் பகிர்ந்துகொண்ட ஆஸ்கர் விருது. பின்னர் மேலும் இரண்டு ஆஸ்கர்கள்.

அந்த ஆண்டுகள் கற்றுத்தருவது என்ன என்பதற்கு ஹாரி பாட்டர் படங்களில் வரும் மந்திரப் பள்ளியின் பேரரங்கம் நல்ல சான்று. இங்கிலாந்தின் லீவ்ஸ்டன் படப்பிடிப்புத் தளத்தில் சுமார் 120 அடி நீளமும் 40 அடி அகலமுமாக எழுப்பிய அந்த அரங்கின் தரைக்கு, வழக்கம்போலப் பலகையில் கல் போல வண்ணம் தீட்டாமல், உண்மையான யார்க்‌ஷயர் கற்பலகைகளையே கிரெய்க் பதிக்கச் செய்தார். தொடக்கத்தில் ஆடம்பரமாகத் தோன்றக்கூடிய செலவுதான். ஆனால் நூற்றுக்கணக்கான குழந்தைகளின் காலடியும் கேமரா வண்டிகளும் சுமார் பத்தாண்டுக்காலம் படப்பிடிப்புக்குப் படப்பிடிப்பு தேய்க்கப்போகும் தரையில், வண்ணப் பூச்சைத் திரும்பத் திரும்பப் புதுப்பித்துக்கொண்டிருக்க முடியுமா? எந்தப் பொருள் எத்தனை நாள் தாங்கும், எங்கே போலி போதும், எங்கே அசல் வேண்டும் என்ற இந்தக் கணக்கு, அளவெடுத்தும் வரைந்தும் தச்சர்களோடு பேசியும் கழித்த நாட்களிலிருந்துதான் வருகிறது. மூன்று நாளில் முடிந்துபோகும் குறும்படம் அதைக் கற்றுத்தராது.

தொலைக்காட்சி பற்றிய அச்சத்துக்கு அடிப்படை இல்லை. டிம் ஹார்வி பிபிசியின் ‘ஐ, கிளாடியஸ்’ (1976) தொடருக்கு, வெளிப்புறக் காட்சி ஒன்றுகூட இல்லாமல், பண்டைய ரோமை முழுவதுமாக ஸ்டூடியோவுக்குள்ளேயே அமைத்துக் காட்டியவர். அவரே பின்னர் கென்னத் பிரானாவின் ‘ஹாம்லெட்’ (1996) படத்துக்கு ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். அந்த ஆண்டு அதே பிரிவில் விருதை வென்றது கிரெய்க் வடிவமைத்த ‘தி இங்கிலீஷ் பேஷண்ட்’. சினிமாவில் வளர்ந்தவரும் தொலைக்காட்சியில் வளர்ந்தவரும் ஒரே பட்டியலில் வந்து நின்றார்கள். ‘ஷேக்ஸ்பியர் இன் லவ்’ படத்துக்கு ஆஸ்கர் வென்ற மார்ட்டின் சைல்ட்ஸ், பின்னர் ‘தி கிரௌன்’ தொடரை வடிவமைத்தார். ஆகவே போக்குவரத்து இருவழியாகவே நடக்கிறது.

இனி உங்கள் மகள் செய்ய வேண்டியது. உதவியாளர் நிலையிலிருந்து ஜூனியர் டிராஃப்ட்ஸ்மேன் நிலைக்கு மாறுவதே அவளுடைய அடுத்த இலக்காக இருக்கட்டும். அந்தத் தாவலுக்கு வேண்டியது ரசனை அன்று, வரைபடம். தரைப்படம், பக்கத்தோற்றம், வெட்டுமுகம் ஆகியவற்றை 1:50, 1:25 அளவுகளில் பிழையின்றி வரையவும், கதவுச் சட்டத்தின் அலங்கார விளிம்பை முழு அளவில் வரைந்து தச்சரிடம் கொடுக்கவும் பழக வேண்டும். வெக்டர்வொர்க்ஸ், ஸ்கெட்ச்அப் போன்ற மென்பொருள்கள் தெரிந்திருக்க வேண்டும். ஆனால் கையால் வரையும் பழக்கத்தையும் வெள்ளை அட்டையில் மாதிரி செய்யும் பழக்கத்தையும் கைவிட்டுவிடக் கூடாது. இயக்குநரும் ஒளிப்பதிவாளரும் கேமராவை எங்கே வைக்கலாம் என்று பேசத் தொடங்குவது பெரும்பாலும் அந்த அட்டை மாதிரியைச் சுற்றி நின்றுதான்.

தற்போதைய தொடர் முடியும்போது, பத்துப் பன்னிரண்டு வரைபடங்களோடு அங்குள்ள ஆர்ட் டைரக்டரிடமே அடுத்த நிலை வேலையைக் கேட்கச் சொல்லுங்கள். பல வாய்ப்புகள் விளம்பரத்துக்கு வருமுன்பே இப்படித்தான் நிரம்பிவிடுகின்றன. முறையான பயிற்சி தேவை என்று தோன்றினால், பீக்கன்ஸ்ஃபீல்டில் உள்ள தேசியத் திரைப்பட, தொலைக்காட்சிப் பள்ளியின் முதுகலைப் படிப்பைப் பார்க்கலாம். குறும்படங்களை இரண்டு வேலைகளுக்கு இடைப்பட்ட வாரங்களில் தாராளமாகச் செய்யட்டும். ஒவ்வொன்றிலும் முடிந்த அரங்கின் புகைப்படத்தோடு அதன் தரைப்படத்தையும் சேர்த்து வைத்துக்கொள்ள வேண்டும். இப்போதைய தொடரின் வரைபடங்களை மட்டும், அது ஒளிபரப்பாகும் முன் தயாரிப்பாளரின் அனுமதியின்றி யாரிடமும் காட்டக் கூடாது. ஒப்பந்தத்திலுள்ள ரகசியக் காப்பு விதியை இன்றே ஒருமுறை படித்துப் பார்க்கச் சொல்லுங்கள்.