ஆச்சி பதில்கள்: பெக்கி ஆஷ்கிராஃப்டும் பள்ளத்தூர் ஆச்சியும்

கேள்வி: ஆச்சி, 'எ பாசேஜ் டு இந்தியா' படத்தை இப்போதுதான் பார்த்தேன். மிஸஸ் மூராக வரும் வயதான அம்மா மனதை விட்டுப் போகவே மாட்டேன் என்கிறார். யார் அவர்? வேறு எதிலும் பார்த்த ஞாபகம் இல்லையே?
– வாசகி, தேவகோட்டை

பதில்: பெக்கி ஆஷ்கிராஃப்ட். 1907-இல் லண்டனை ஒட்டிய கிராய்டனில் பிறந்தவர். வேறு எதிலும் பார்த்திருக்க மாட்டீர்கள். சினிமாவுக்கு அவர் எப்போதாவது வந்துபோகும் விருந்தாளி, அவ்வளவுதான். குடியிருந்தது மேடையில். 1926-இல் பர்மிங்காமில் தொடங்கி அறுபது வருஷத்துக்கு அந்தப் பக்கமும் நடித்துக்கொண்டிருந்தார்.

அந்தப் படத்தில் மசூதிக் காட்சியைத் திரும்ப ஒரு முறை போட்டுப் பாருங்கள். ராத்திரி. இருட்டிலிருந்து ஒரு வெள்ளைக்காரக் கிழவி வருவதைப் பார்த்து டாக்டர் அஜீஸ் பதறுகிறார், செருப்பைக் கழற்ற வேண்டாமா என்று அதட்டுகிறார். கழற்றிவிட்டேனே என்கிறார் அந்த அம்மா. குரலில் கோபமும் இல்லை, பணிவைக் காட்டிக்கொள்ளும் நடிப்பும் இல்லை. பக்கத்து வீட்டுக்காரரிடம் பேசுகிற மாதிரி ஒரு பதில். அந்த ஒரு வரியில் இரண்டு பேரும் சிநேகிதர்களாகிவிடுகிறார்கள். பெரிய வசனத்தை யாரும் பேசிவிடலாம். இந்த மாதிரி ஒன்றுமில்லாத வரியைச் சொல்லத்தான் அறுபது வருஷப் பழக்கம் வேண்டும்.

படம் பிடித்தது நமக்குத் தூரமில்லை. கதையில் பீகார்ப் பக்கத்து மரபார் குகைகள் என்று வருவது பெங்களூரை அடுத்த சாவனதுர்காப் பாறைகளில் எடுத்தது. கூப்பிட்டபோது, "மிஸ்டர் லீன், எனக்கு எழுபத்தைந்து வயது" என்று இவர் தயங்கினாராம். "எனக்கும்தான்" என்றாராம் இயக்குநர் டேவிட் லீன். அதற்கு மேல் என்ன சொல்ல முடியும்? வந்துவிட்டார். 1985-இல் சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் கிடைத்தபோது அவருக்கு 77. அந்தப் பிரிவில் இத்தனை வயதில் வாங்கியவர் வேறு யாரும் இல்லை. விழாவுக்கு அவர் போகவில்லை. ஏஞ்சலா லான்ஸ்பரி மேடையேறி வாங்கிக்கொண்டார்.

கேள்வி: சினிமாவில் அதிகம் வராதவரை எப்படிப் பெரிய நடிகை என்று சொல்கிறீர்கள்? நாடகம் அன்றைக்கே முடிந்துபோயிற்று. நாம் எதைப் பார்த்து நம்புவது?
– கல்லூரி மாணவர், காரைக்குடி

பதில்: நியாயமான கேள்வி தம்பி. நானும் உன் ஊரில்தான் பெண்பிள்ளைகளுக்கு ஷேக்ஸ்பியரின் ஒத்தெல்லோவைப் பரீட்சைக்காக உருப்போட வைத்தவள். அதில் ஒத்தெல்லோவின் மனைவியாக வரும் டெஸ்டிமோனாவை 1930-இல் லண்டன் சவாய் தியேட்டரில் ஆஷ்கிராஃப்ட் நடித்தார். வயது 22. ஒத்தெல்லோவாக நின்றவர் அமெரிக்கக் கறுப்பினப் பாடகர் பால் ராப்சன். கறுப்பு நடிகரும் வெள்ளைக்காரப் பெண்ணும் மேடையில் கணவன் மனைவியாக நிற்பதே பலருக்குப் பொறுக்காத காலம் அது. 1935-இல் ஜூலியட். அன்றைய பெரிய மேடை நடிகர்களான ஜான் கீல்குட்டும் லாரன்ஸ் ஒலிவியரும் ரோமியோவாக முறை மாற்றி நடிக்க, ஜூலியட் மட்டும் மாறவில்லை. அது இவர்தான்.

சரி, இதெல்லாம் கேள்விப்பட்டதுதானே என்பாய். கண்ணால் பார்க்க ஒன்று இருக்கிறது. 1963-இல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி என்ற நாடகக் குழு 'வார்ஸ் ஆஃப் தி ரோசஸ்' என்று ஷேக்ஸ்பியரின் அரசர் நாடகங்களைச் சேர்த்து மூன்று நாடகங்களாக்கியது. பிபிசி அதைப் படம்பிடித்து 1965-இல் ஒளிபரப்பியது. அதில் ராணி மார்கரெட் இவர். பிரான்சிலிருந்து கல்யாணமாகி வரும் இளம்பெண், பிறகு காதலனின் வெட்டுண்ட தலையை மடியில் வைத்து அழுகிறவள், பிறகு படை நடத்துகிறவள், கடைசியில் எல்லோரையும் சபித்துக்கொண்டு திரியும் கிழவி. இத்தனையும் ஒரே பாத்திரம். நடித்தபோது வயது 55. இருபது வயதுப் பெண்ணாகவும் நம்ப வைக்க வேண்டும், எழுபது வயதுக் கிழவியாகவும் நம்ப வைக்க வேண்டும். சில நாள் மூன்று நாடகத்தையும் காலை முதல் ராத்திரி வரை ஒரே நாளில் போட்டார்கள். ஆஸ்கர் வாங்கியதைவிட இதைத்தான் நான் பெரிதாகச் சொல்வேன். மிஸஸ் மூர் அழகு. மார்கரெட் உழைப்பு.

கேள்வி: போன இதழில் 'செரி ஆர்ச்சர்ட்' நாடகத்தை நம் செட்டிநாட்டுக் கதை என்று எழுதியிருந்தீர்கள். ருஷ்ய நாடகம் எப்படி நம் கதையாகும்?
– வாசகர், கானாடுகாத்தான்

பதில்: உங்கள் ஊரில் இருந்துகொண்டு இதைக் கேட்கலாமா? தெருவில் நாலு வீடு நடந்தால் ஒரு வீடு பூட்டிக் கிடக்கிறது.

செக்காவின் கதை இதுதான். ரனியேவ்ஸ்கயா என்ற சீமாட்டி பாரிசிலிருந்து வீடு திரும்புகிறாள். பூர்வீக வீடும் செரித் தோட்டமும் கடனில் ஏலத்துக்கு வரப்போகின்றன. மரத்தை வெட்டி, மனை போட்டு வாடகைக்கு விட்டால் தப்பிக்கலாம் என்கிறான் லோபாகின். அவன் அப்பனும் பாட்டனும் அதே பண்ணையில் அடிமைகளாக இருந்தவர்கள். அவள் காதில் ஏறவில்லை. வீட்டில் வேலைக்காரர்களுக்குச் சாப்பாடு போட வழியில்லாதபோது, வழியில் காசு கேட்ட எவனுக்கோ தங்க நாணயத்தை எடுத்துக் கொடுக்கிறாள். கடைசியில் ஏலத்தில் எடுப்பவனும் லோபாகின்தான்.

அந்தத் தங்க நாணயத்தை நான் நம் வீடுகளில் பார்த்திருக்கிறேன். வளவில், அதாவது நடு முற்றத்தைச் சுற்றிய பகுதியில், ஓடு சரிந்து மழை இறங்கும். ஆனால் கல்யாணத்துக்கு இலை எண்ணிக்கை குறையக் கூடாது. மராமத்துக்குப் பணம் போடச் சொன்னால் பத்துப் பதினைந்து பங்காளிகளில் பாதிப் பேர் கோயம்புத்தூர், மீதிப் பேர் சிங்கப்பூர். கடைசியில் வீட்டைப் பிரித்துவிடுவார்கள். பர்மாத் தேக்குத் தூண், நிலை, கதவு, பட்டாலையில் மாட்டியிருந்த ரவிவர்மா படம், எனாமல் தூக்குவாளி எல்லாம் காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருக் கடைகளுக்கு வந்து சேரும். நம்மூர் லோபாகின்கள் கெட்டவர்கள் இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். அவர்களாவது வாங்குகிறார்கள்.

இந்த ரனியேவ்ஸ்கயாவை ஆஷ்கிராஃப்ட் நடித்ததை 1962-இல் பிபிசி ஒளிபரப்பியது. அண்ணனாகக் கீல்குட், மகளாக இளவயது ஜூடி டென்ச். இந்த வேஷத்தில் அழுதுவிடுவது சுலபம். அழுதால் நமக்கு அவள் மேல் இரக்கம் வருமே தவிரக் கோபம் வராது. இரண்டும் சேர்ந்து வந்தால்தான் நாடகம்.

கேள்வி: நம்ம மனோரமா ஆச்சியை விடவா இந்த வெள்ளைக்கார அம்மா பெரியவர்?
– பள்ளத்தூர்க்காரன்

பதில்: உங்கள் ஊர்ப் பாசம் புரிகிறது. மன்னார்குடியில் பிறந்தாலும் வளர்ந்தது பள்ளத்தூரில், நாடகமும் அங்கேதான் பிடித்தது, ஆச்சி என்ற பெயரும் நம் மண் கொடுத்தது. 1958-இல் 'மாலையிட்ட மங்கை', அப்புறம் ஆயிரம் படங்களுக்கு மேல். எண்ணிக்கையில் ஆஷ்கிராஃப்ட் பக்கத்தில்கூட வர முடியாது.

ஆனால் எனக்கு ஒரு ஆதங்கம். ஆஷ்கிராஃப்டுக்கு ஒவ்வொரு வயதிலும் ஒரு நாடகக் குழு காத்திருந்தது. 67 வயதில், 'ஹாப்பி டேஸ்' நாடகத்தில் இடுப்பு வரை, பிறகு கழுத்து வரை மண்ணில் புதைந்தபடி பேசும் பெண்ணாக நடிக்கக் கூப்பிட்டார்கள். நம் ஆச்சியை அந்த வயதில் எதற்குக் கூப்பிட்டோம்? கதாநாயகனின் பாட்டியாக வந்து ரெண்டு வசனம் பேசிவிட்டுப் போக. ஜில் ஜில் ரமாமணியைச் செய்தவருக்கு ஒரு மார்கரெட்டை எழுத இங்கே யாருக்கும் தோன்றவில்லை. யார் பெரியவர் என்று என்னைக் கேட்காதீர்கள், எழுதாமல் விட்டவர்களைக் கேளுங்கள்.

கேள்வி: நாடகம் எல்லாம் பார்க்கப் பொறுமை இல்லை ஆச்சி. அவர் நடித்ததில் சின்னதாக ஒன்று சொல்லுங்கள்.
– வாசகி, குன்றக்குடி

பதில்: ஹிட்ச்காக்கின் 'தி 39 ஸ்டெப்ஸ்', 1935. ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ஸ்காட்லாந்துக் குடியானவனின் இளம் மனைவியாகச் சில நிமிஷம்தான் வருகிறார். புருஷன் சந்தேகப் பிராணி. போலீஸ் துரத்தும் கதாநாயகனுக்கு புருஷனுடைய கோட்டைக் கொடுத்து அனுப்புகிறார். அந்தக் கோட்டுப் பையில் என்ன இருக்கிறது என்பதை நான் சொல்ல மாட்டேன், நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.