பங்குச் சந்தைக்கு முன்பே விழுந்தவர்கள்

அன்புள்ள ஆசிரியருக்கு,

இரு உலகப் போர்களுக்கு இடைப்பட்ட அமெரிக்காவைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் எனக்கு ஒரே சித்திரம்தான் கிடைக்கிறது. 1920களில் ஜாஸ் இசை, கார்கள், திருட்டு மது விடுதிகள், முடியைக் குட்டையாக வெட்டிக்கொண்ட பெண்கள். 1929 அக்டோபரில் பங்குச் சந்தை விழுகிறது. உடனே ரொட்டிக்கு வரிசை. ஒரு சமூகத்தின் அன்றாடம் இப்படி ஒரே வாரத்தில் தலைகீழாகுமா? பங்கே வாங்காத சாதாரணக் குடும்பங்களை அது ஏன் பாதித்தது? 1920இல் வாக்குரிமை கிடைத்த பிறகு பெண்களின் வாழ்க்கை உண்மையில் எவ்வளவு மாறியது?

ஒரு வாசகர், சேலம்

அன்புள்ள நண்பருக்கு,

நீங்கள் சொல்லும் சித்திரம் நியூயார்க், சிகாகோ போன்ற பெருநகரங்களுடையது. சினிமா எடுத்தவர்களும் பத்திரிகைகளில் எழுதியவர்களும் அங்கே வாழ்ந்தார்கள். ஆகவே அதுவே நாட்டின் சித்திரமாக நிலைத்துவிட்டது. 1920ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில்தான் அமெரிக்க மக்கள்தொகையில் பாதிக்கு மேற்பட்டோர் நகரவாசிகள் என்று முதன்முறையாகப் பதிவானது. அந்தக் கணக்கில் 2,500 பேர் வாழும் ஊரும் நகரம்தான் என்பதை நாம் நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும். அப்போதும் ஏறத்தாழ பத்தில் மூன்று பேர், அதாவது மூன்று கோடிக்கும் அதிகமானோர், பண்ணைகளிலேயே வாழ்ந்தார்கள். அவர்களுக்குப் பொருளாதார வீழ்ச்சி 1929இல் தொடங்கவில்லை, 1920இலேயே தொடங்கிவிட்டது.

முதல் உலகப் போரின்போது ஐரோப்பாவுக்கு உணவு தேவைப்பட்டதால் அமெரிக்க அரசு கோதுமைக்கு ஒரு புஷலுக்கு (ஏறத்தாழ 27 கிலோ) இரண்டு டாலருக்கும் மேல் விலை உறுதி அளித்தது. விவசாயிகள் அந்த விலையை நம்பிக் கடன் வாங்கி நிலத்தையும் டிராக்டரையும் வாங்கினார்கள். காலங்காலமாகப் புல்வெளியாகக் கிடந்த மேட்டுச் சமவெளிகளையும் உழுதார்கள். போர் முடிந்து ஐரோப்பிய வயல்கள் மறுபடியும் விளையத் தொடங்கியபோது 1920இல் அந்த உறுதி விலக்கப்பட்டது. ஓரிரு ஆண்டுகளுக்குள் கோதுமை விலை ஏறத்தாழ பாதியாகிவிட்டது. விலை இறங்கினாலும் கடன் பத்திரத்தில் எழுதிய தொகை இறங்குவதில்லை. விவசாயியால் கடனைக் கட்ட முடியாமல் போக, அவருக்குக் கடன் கொடுத்த உள்ளூர் வங்கி மூடப்பட்டது. 1921க்கும் 1929க்கும் இடையில் இப்படி ஐயாயிரத்துக்கும் மேற்பட்ட வங்கிகள் மூடப்பட்டன, பெரும்பாலும் சிற்றூர்களில். வைப்புத்தொகைக்கு மத்திய அரசின் காப்பீடு வந்தது 1934இல்தான் என்பதால் வங்கியோடு சேமிப்பும் போயிற்று. விளைபொருள் விலையைத் தாங்கிப்பிடிக்க அமெரிக்கக் காங்கிரஸ் நிறைவேற்றிய மசோதாவை அதிபர் கூலிட்ஜ் 1927இலும் 1928இலும் தம் அதிகாரத்தால் நிராகரித்தார். நகரங்களில் ஜாஸ் ஒலித்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகள்தான் இவை.

பங்கு வாங்காதவர்களை வீழ்ச்சி எப்படித் தொட்டது என்று கேட்டிருக்கிறீர்கள். வங்கிகள் ஒரு வழி என்றால் இன்னொரு வழி தவணைமுறை. 1919இல் ஜெனரல் மோட்டார்ஸ் தன் கார்களை விற்பதற்கென்றே ஒரு கடன் நிறுவனத்தைத் தொடங்கியது. 1920களின் நடுவில் பெரும்பாலான கார்கள் கடனில்தான் விற்றன. குளிர்பதனப் பெட்டி, வானொலி, தையல் இயந்திரம், அறைகலன்கள் எல்லாமே தவணைக்குக் கிடைத்தன. ஒரு தவணை தவறினாலும் கடைக்காரர் பொருளை எடுத்துச் சென்றுவிடலாம், அதுவரை கட்டிய பணம் திரும்பாது என்பதே அன்றைய ஒப்பந்தங்களின் பொது வழக்கம். எனவே 1929இன் இறுதியில் வேலை போய்விடுமோ என்ற அச்சம் பரவியபோது, குடும்பங்கள் தவணையைத் தவறாமல் கட்டுவதற்காக மற்றெல்லாச் செலவுகளையும் நிறுத்தின; புதிதாக எதையும் வாங்கவில்லை. வாங்குவார் இல்லாத பொருளைத் தயாரித்த தொழிற்சாலைகள் ஆட்களை நிறுத்தின. 1933இல் உழைப்பாளர்களில் ஏறத்தாழ நான்கில் ஒருவருக்கு வேலை இல்லை. அச்சத்தால் செலவைச் சுருக்கியது ஒவ்வொரு குடும்பத்துக்கும் விவேகம்தான். எல்லோரும் ஒரே நேரத்தில் விவேகமாக நடந்துகொண்டதே நாட்டுக்கு நாசமாயிற்று.

பண்ணைகளில் இந்த இரண்டாவது அடி வேறு விதமாக விழுந்தது. 1932இல் மக்காச்சோளத்தின் விலை எந்த அளவுக்குச் சரிந்ததென்றால், சில இடங்களில் அதை விற்று நிலக்கரி வாங்குவதைவிட அதையே அடுப்பில் எரிப்பது மலிவாக இருந்தது. அந்தக் குளிர்காலத்தில் அயோவா, நெப்ராஸ்கா போன்ற மாநிலங்களில் அடமானக் கடனுக்காகப் பண்ணைகள் ஜப்தி செய்யப்பட்டு ஏலத்துக்கு வந்தபோது அக்கம்பக்கத்து விவசாயிகள் கூட்டமாகத் திரண்டு வந்தார்கள். பசுவுக்குச் சில காசுகள், கலப்பைக்குச் சில காசுகள் என்று அவர்களே ஏலம் கேட்டு, எடுத்த பொருளை எல்லாம் பழைய உடைமையாளரிடமே ஒப்படைத்துவிட்டுப் போனார்கள். வெளியூர்க்காரர் யாராவது விலையை ஏற்றிக் கேட்க நினைத்தால், சில இடங்களில் களஞ்சியத்தின் உத்தரத்தில் தொங்கிய தூக்குக் கயிறு அவருக்குப் பதில் சொன்னது. இதை அயலாரின் அன்பு என்று மட்டும் வர்ணிக்கும் எழுத்துகள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. அது வன்முறையின் விளிம்பில் நின்ற சட்டமறுப்பு. அதற்குப் பலனும் இருந்தது: மினசோட்டா உள்ளிட்ட சில மாநிலங்கள் 1933இல் ஜப்தியைத் தள்ளிவைக்கச் சட்டம் இயற்றின, 1934இல் உச்ச நீதிமன்றமும் மினசோட்டாவின் சட்டத்தை ஏற்றுக்கொண்டது.

இனி பெண்களைப் பற்றி. வாக்குரிமை 1920 ஆகஸ்டில் சட்டமானது உண்மை. தெற்கு மாநிலங்களில் கறுப்பினப் பெண்கள் தேர்தல் வரியாலும் எழுத்தறிவுத் தேர்வாலும் மிரட்டலாலும் தடுக்கப்பட்டார்கள் என்பதும் உண்மை. ஆனால் ஒரு பெண்ணின் அன்றாடத்தைத் தீர்மானித்தது வாக்குச்சீட்டைவிட மின்கம்பிதான் என்று நான் நினைக்கிறேன். 1930இல் நகர வீடுகளில் ஐந்தில் நான்குக்கும் மேற்பட்டவற்றில் மின்சாரம் இருந்தது. பண்ணைகளில் மின்கம்பி எட்டியது ஏறத்தாழ பத்தில் ஒன்றைத்தான். மின்சாரம் இல்லையென்றால் மோட்டார் இல்லை; மோட்டார் இல்லையென்றால் கிணற்றிலிருந்து இறைத்து, வாளியில் சுமந்து, விறகு அடுப்பில் காய்ச்சிய நீர்தான். திங்கட்கிழமை துவைப்பு, செவ்வாய்க்கிழமை இஸ்திரி என்பது அங்கே எழுதப்படாத விதி. கோடைக் காலத்திலும் அடுப்பை மூட்டி, கனத்த இரும்புப் பெட்டிகளை மாற்றி மாற்றிச் சூடேற்றித் தேய்க்க வேண்டும். தோட்டத்துக் காய்கனிகளை வேகவைத்துக் கண்ணாடி ஜாடிகளில் அடைத்துக் குளிர்காலத்துக்குச் சேமிப்பதும், மாவும் தீவனமும் வந்த துணிப் பைகளைப் பிரித்துப் பிள்ளைகளுக்கு உடை தைப்பதும் அவர்கள் வேலையே. பின்னாளில் ஆலைக்காரர்கள் இதை அறிந்து பைகளிலேயே பூ வேலைப்பாடுகளை அச்சிட்டு விற்றார்கள். வியாபாரிக்கு வறுமையும் ஒரு சந்தைதான்.

தனியார் மின் நிறுவனங்கள் கிராமத்துக்குப் போக மறுத்தன, அல்லது கம்பி இழுக்கும் செலவை விவசாயியின் தலையில் கட்டின. 1935 மே மாதம் அதிபர் ரூஸ்வெல்ட் கிராம மின்மயமாக்கல் நிர்வாகத்தை அமைத்த பிறகு, விவசாயிகளே கூட்டுறவுச் சங்கங்களைத் தொடங்கி, குறைந்த வட்டியில் அரசுக் கடன் பெற்றுக் கம்பி இழுத்தார்கள். டெக்சாஸின் மலைப்பகுதியில் பெடர்னாலிஸ் கூட்டுறவுச் சங்கத்தின் விளக்குகள் 1939இல் எரிந்தன. நகரத்து வீடு மின்சாரம் பெற்று ஒரு தலைமுறை கழிந்திருந்த நேரம் அது.

அப்போதும் பிறர் நிலத்தை வாரத்துக்கு, அதாவது விளைச்சலில் பங்கு தருவதாக, எடுத்துப் பயிரிட்ட குடும்பங்களுக்கு இந்தக் கணக்கு பொருந்தவில்லை. தெற்கின் பருத்தி நிலங்களில் கறுப்பினத்தவரும் ஏழை வெள்ளையரும் விளைச்சலில் வழக்கமாகப் பாதியை நில உடைமையாளருக்குக் கொடுத்துவிட்டு உழுதார்கள். விலையை உயர்த்த விளைநிலத்தைக் குறைக்கும்படி 1933இல் அரசு இழப்பீடு வழங்கியபோது காசோலைகள் பெரும்பாலும் உடைமையாளரின் கைக்கே போயின. அவர்களில் பலர் தேவையில்லாமல் போன வாரக் குடிகளை வெளியேற்றினார்கள். இதை எதிர்த்து 1934 ஜூலையில் ஆர்கன்சாஸின் டைரான்சா ஊரில் கறுப்பினத்தவரும் வெள்ளையரும் சேர்ந்து ஒரே சங்கமாக அமைந்தது, இனப் பிரிவினை சட்டமாகவே இருந்த அந்த மாநிலத்தில் அசாதாரணமான துணிவு. மறு ஆண்டு இயற்றப்பட்ட சமூகப் பாதுகாப்புச் சட்டத்தின் முதுமை ஓய்வூதியத்தில் விவசாயக் கூலிகளும் வீட்டு வேலை செய்வோரும் சேர்க்கப்படவில்லை. 1950களில்தான் அவர்கள் படிப்படியாக அதற்குள் வந்தார்கள்.