வாஷிங் மெஷின் சோப்பு ட்ரேயில் பூஞ்சை: கழுவியும் திரும்ப வருவது ஏன்?

ஃப்ரன்ட் லோடு மெஷினில் தூள் போடும் ட்ரே கறுத்துப் போகிறது, தூளும் கட்டிபிடித்து அப்படியே நிற்கிறது, வாரந்தோறும் கழுவியும் தீரவில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். தக்கலைப் பக்கம் எங்கள் வீட்டிலும் இதே பாடுதான் பட்டோம். நாங்களும் ட்ரேயை மட்டும்தான் கழுவிக்கொண்டிருந்தோம். அழுக்கு இருந்தது வேறு இடத்தில்.

அம்மன் கோயில் கொடை விழாவுக்கு அப்பா கட்டுவதற்காக எடுத்து வைத்த வெள்ளை வேட்டியில்தான் அது தெரிந்தது. "மக்களே, துவைச்ச வேட்டியில இது என்ன கறுப்புப் பொட்டு?" என்று அம்மா கேட்டார். விரலால் தொட்டால் கண்மை மாதிரி இழுகியது. ட்ரேயைக் கழற்றிப் பார்த்தேன், சுத்தமாக இருந்தது. அப்புறம் ட்ரே நுழையும் அந்தப் பொந்துக்குள் மொபைல் டார்ச்சை அடித்து, ஒரு கைக்கண்ணாடியைச் சரித்துப் பிடித்து மேலே பார்த்தேன். கூரை முழுக்கக் கறுப்பு. தண்ணீர் விழும் துளைகளின் ஓரத்தில் வழுவழுவென்று திரி திரியாகத் தொங்கியது. ஒவ்வொரு முறை தண்ணீர் திறக்கும்போதும் அதில் கொஞ்சம் பிய்ந்து துணியோடு சேர்ந்திருக்கிறது.

அதனால் முதலில் அந்தக் கூரையைச் சுத்தம் செய்யுங்கள். பிளக்கைப் பிடுங்கிவிட்டு ட்ரேயை முழுதாக இழுங்கள். நடுவில் அழுத்துவதற்கு ஒரு சின்ன நாக்கு இருக்கும், அதை அமுக்கிக்கொண்டு இழுத்தால் வந்துவிடும். பழைய டூத் பிரஷ்ஷைச் சோப்பு நீரில் முக்கி மேல்பக்கத்தைத் தேயுங்கள், ஈரத் துணியால் துடைத்தெடுங்கள். உள்ளே தண்ணீரைப் பீய்ச்ச வேண்டாம், பக்கத்திலேயே கரண்ட் பாகங்கள் இருக்கின்றன. துளை அடைத்திருந்தால் தென்னை ஈர்க்கிலை விடக் கச்சிதமான கருவி கிடையாது. ஒவ்வொன்றாகக் குத்தி எடுத்தேன். கடைசியில் துணி போடாமல் 60 டிகிரியில் ஒரு முறை ஓட விட்டால், உதிர்ந்ததெல்லாம் போய்விடும்.

ட்ரேயை வெதுவெதுப்பான நீரில் அரைமணி நேரம் ஊறப்போட்டால் போதும். கொதிக்கும் நீர் ஊற்றினால் பிளாஸ்டிக் வளைந்து, திரும்ப உள்ளே சேராமல் போகலாம். எங்களுடையது செம்மண் நிலத்துக் கிணறு, தண்ணீரில் இரும்பு உண்டு. ட்ரேயின் மூலைகளில் காவிக் கறை பிடிக்கும். மளிகைக் கடையில் லெமன் சால்ட் என்று விற்கும் சிட்ரிக் ஆசிட் இரண்டு ஸ்பூனை ஒரு மக் நீரில் கரைத்து ஊற வைத்தால் காவிக் கறையும் உப்புப் படிவும் இளகிவிடும். இதோடு பிளீச்சிங் பவுடரையோ பிளீச் திரவத்தையோ எக்காரணம் கொண்டும் சேர்க்காதீர்கள். இரண்டும் சேர்ந்தால் குளோரின் வாயு வரும், மூச்சுக்கு ஆபத்து. இரும்புக் கறைக்குப் பிளீச் ஆகவும் ஆகாது, கறை இன்னும் அழுத்தமாகிவிடும்.

சரி, தூள் ஏன் கட்டிபிடிக்கிறது? எங்கள் வீட்டில் காரணம் தண்ணீரின் வேகம். தொட்டி 10 மீட்டர் உயரத்தில் இருந்தால்தான் குழாயில் 1 பார் அழுத்தம் கிடைக்கும். எங்கள் மெஷினின் கையேட்டில் குறைந்தது 0.3 பார் வேண்டும் என்று போட்டிருந்தது. சில மெஷின்கள் இதைவிட அதிகம் கேட்கும். எங்களுடையது ஒற்றை மாடி வீடு. மொட்டை மாடித் தொட்டியின் அடிக்கும் மெஷின் குழாய்க்கும் இடையே 2 மீட்டர்தான், அதாவது 0.2 பார். தண்ணீர் தூளை அடித்துக்கொண்டு போகாமல், நனைத்துக் களியாக்கிவிட்டு நின்றது. தொட்டிக்கு அடியில் நாலடிக்குச் செங்கல் கட்டி உயர்த்திய பிறகுதான் அது தீர்ந்தது. அதைச் செய்ய முடியாவிட்டால் பிரஷர் பம்ப் வைக்கலாம், இல்லையென்றால் லிக்விடுக்கு மாறலாம். ஆனால் செலவு செய்யும் முன், குழாயை அடைத்துவிட்டு மெஷினின் பின்னால் இருக்கும் ஹோஸைக் கழற்றிப் பாருங்கள். அங்கே ஒரு சின்ன வலை இருக்கும். மணலும் துருவும் அதில் அடைந்திருந்தாலே தண்ணீர் நூலாகத்தான் வரும்.

பூ படம் போட்ட கண்டிஷனர் அறையில் ஒரு குட்டி மூடி இருக்கிறதே, அதையும் கழற்றிக் கழுவ வேண்டும். கடைசி அலசலில் அந்த அறைக்குள் தண்ணீர் ஏறி நிரம்பியதும், மூடிக்கு அடியில் இருக்கும் குழல் வழியாக எல்லாவற்றையும் உறிஞ்சிக் கீழே விடும். கண்டிஷனர் கொழகொழப்பாகப் படிந்து குழல் அடைத்தால் அறை நிறையத் தண்ணீர் தேங்கும், பூஞ்சைக்கு அது போதும். ஒரு ஸ்பூன் அளவு நிற்பது மட்டும் இயல்பு, அதற்காக மெக்கானிக்கைக் கூப்பிட வேண்டாம். மேக்ஸ் கோட்டுக்கு மேல் ஊற்றினால் கண்டிஷனர் முதல் தண்ணீரோடேயே இறங்கி வீணாகும்.

எங்கள் குமரி மாவட்டத்துக்கு ஜூனில் ஒரு மழை, அக்டோபரில் இன்னொரு மழை. அந்த மாதங்களில் வீட்டுக்குள் எதுவுமே காய்வதில்லை. துவைத்து முடித்ததும் அம்மா இப்போது ட்ரேயை உருவி, ஜன்னல் ஓரத்தில் கவிழ்த்து வைத்துவிடுகிறார். மெஷின் கதவும் நாலு விரல் திறந்தே கிடக்கும்.